அம்மாவும் ஊர்வலம் போன ஃபிரிட்ஜும்

அம்மாவுக்கு எந்தப் படத்தையும் தொடக்கத்திலிருந்து பார்க்கும் வழக்கமில்லை. கால் மணி நேரம் கழித்து, ஆய வேண்டிய முருங்கைக்கீரையோடு வந்து உட்கார்ந்து, "இவன் யார்?" என்று ஆரம்பிப்பார். வேறு படமென்றால் பதில் சொல்லிவிடலாம். நான் போட்டிருந்ததோ சதோஷி கோன் 2006-இல் எடுத்த ஜப்பானிய அனிமேஷன் படம், ‘பப்ரிக்கா’. பிறர் கனவுக்குள் நுழைய உதவும் டி.சி. மினி என்ற சின்னக் கருவி களவு போகிறது. அதன்பிறகு யார் கனவில் யார் உலவுகிறார்கள் என்பதுதான் கதையே.

"இது கனவா, நிஜமா?"

"தெரியவில்லை அம்மா."

"பார்த்துக்கொண்டுதானே இருக்கிறாய்?"

அம்மாவிடம் ஒரு சூத்திரம் உண்டு. புடவை மாறினால் கனவு, மாறாவிட்டால் நிஜம். அரை நூற்றாண்டு தமிழ்ப் படம் பார்த்துத் தேறியது. இங்கே அது செல்லுபடியாகவில்லை. ஆய்வுக்கூடத் தலைவர் அதே அறையில் அதே உடையில் பேசிக்கொண்டே இருக்கிறார். பேச்சு தடம் புரண்டு உளறலாகிறது. திடீரென்று ஓடிப்போய் ஜன்னல் கண்ணாடியை உடைத்துக்கொண்டு வெளியே பாய்கிறார். வேறொருவன் கனவு அவர் தலைக்குள் புகுந்துவிட்டதாம்.

"காலையில் சாப்பிடாமல் வந்திருப்பார், பாவம்."

டொகிடாவை மட்டும் அம்மாவுக்குப் பிடித்துப்போயிற்று. கருவியைக் கண்டுபிடித்த மேதை. உடம்போ மலை, லிஃப்டில் சிக்கிக்கொள்கிறார். "இது நிஜம்தான். சொந்தக் கனவில் எவனாவது லிஃப்டில் மாட்டிக்கொள்வானா?" மறுக்க வழியில்லை. அவரைக் கடிந்துகொள்ளும் டாக்டர் சிபாவைப் பார்த்ததும், "இவளை இவனுக்குத்தான் கட்டிவைப்பார்கள்" என்று தீர்ப்பும் சொல்லிவிட்டார்.

பிறகு வந்தது அந்த ஊர்வலம். ஃபிரிட்ஜ், பொம்மைகள், கையுயர்த்திய பூனைகள், வாத்தியம் வாசிக்கும் தவளைகள். அம்மா கீரையைக் கீழே வைத்தார்.

"அந்த ஃபிரிட்ஜுக்கு ஒயர் எங்கே? உள்ளே இருக்கிற மாவு புளித்துப்போகாதா?"

(படத்தில் ஒரு மதுக்கூடம் வருகிறது. அங்கே இருக்கும் இரண்டு பணியாளர்களுக்குக் குரல் கொடுத்தவர்கள், மூலநாவல் எழுதிய யாசுடாகா சுட்சுயியும் கோனும்தான். இத்தனை குழப்பத்தையும் கிளப்பிவிட்டு, இருவரும் ஒன்றும் தெரியாதவர்கள் மாதிரி நிற்கிறார்கள்.)

ஊர்வலம் கனவை விட்டு நகரத் தெருவுக்குள் நுழைந்தபோது, அம்மா குறட்டைக்குள் நுழைந்திருந்தார். கல்யாணம் அவர் சொன்னபடியே கூடிவந்ததைப் பார்க்கக் கொடுத்துவைக்கவில்லை.

மறுநாள் எதிர்வீட்டு மாமியிடம் முழுக்கதையும் சொல்லிக்கொண்டிருந்தார். தவளைகளுக்கு முன்னால் எங்கள் பெருமாள் கோயில் நாயனக்காரர் வாசித்துக்கொண்டு போனாராம். படத்தில் அவர் இல்லையென்று சொல்ல வாயெடுத்தேன். ஆனால் அந்த நெரிசலில் எல்லார் முகத்தையுமா பார்த்தேன்?