சுவருக்குத் தீனி போட்ட கதை

நான் எழுதிவரும் மாயப்புனைவு நாவலில் ஒரு மதில் நகரம் வருகிறது. அந்த மதில் பாதி உயிருள்ள ஒரு பொருளால் ஆனது. முதல் வரைவில் அதற்கு உயிர்க்கல் என்று பெயர் வைத்தேன். வெட்டினால் ஒட்டிக்கொள்ளும், எரித்தால் மறுபடி வளரும், எதிரி வந்தால் முள் நீட்டும். முப்பது பக்கம் எழுதிவிட்டுத் திரும்பப் படித்தபோது எனக்கே அதை நம்ப முடியவில்லை. கேட்டதையெல்லாம் கொடுக்கும் மதிலுக்குள் வாழ்பவர்களுக்குக் கவலை எங்கிருந்து வரும்?

எழுதுவதை நிறுத்திவிட்டு, நிஜ உலகில் இதற்கு நெருங்கியது எது என்று தேடினேன். மேகாலயாவில் காசி என்ற பழங்குடி மக்கள் ரப்பர் அத்தி மரத்தின் வேர்களை ஆற்றுக்குக் குறுக்கே இழுத்துப் பாலமாக வளர்க்கிறார்கள். ஆள் நடக்கும் பதத்துக்கு வர பதினைந்து ஆண்டுகளுக்கு மேலும் ஆகும். 2014-இல் நியூயார்க்கில் மக்காச்சோளத் தட்டையையும் பூசண இழையையும் சேர்த்து வளர்த்த சுமார் 10,000 செங்கற்களால் ஒரு கோபுரம் எழுப்பினார்கள். கோடை முடிந்ததும் பிரித்து உரமாக்கிவிட்டார்கள். வேர்ப்பாலத்தை நான் வளர்க்க முடியாது. ஆனால் பூசணம் கைக்கு எட்டும் தூரத்தில் இருந்தது. காளானும் பூசணம்தானே. கோவை வட்டாரத்தில் சிப்பிக் காளான் வளர்ப்பு வீட்டுத் தொழில்.

காளான் வளர்க்கும் பெரியவர் ஒருவரிடம் வித்து ஒரு பொட்டலம் வாங்கி வந்தேன். வைக்கோலைப் பொடியாக நறுக்கி, ஊறவைத்து, அரை மணி நேரத்துக்கு மேல் வேகவைத்து, பிழிந்தால் சொட்டாத பதத்துக்கு உலர்த்தினேன். தின்ன நிறைய இருக்கட்டும் என்று தவிட்டையும் அள்ளிப் போட்டேன். வித்தைக் கலந்து, துளையிட்ட பிளாஸ்டிக் டப்பாவில் அழுத்தி, இருட்டான அலமாரியில் வைத்தேன். ஆறாம் நாள் திறந்தால் மூலையில் பாசிப்பச்சைத் தூள். மறுநாள் டப்பா முழுவதும் பச்சை.

பெரியவரிடம் காட்டியபோது, "தவிடு அவ்வளவு போட்டால் பச்சைப் பூசணத்துக்கும் அது விருந்துதானே, கண்ணு? நம்முடையது மெதுவாகத்தான் சாப்பிடும்" என்றார். அந்தச் சொல்லை வீடு வந்ததும் நோட்டில் எழுதிக்கொண்டேன்.

இரண்டாம் முறை தவிட்டைச் சேர்க்கவே இல்லை. கையையும் டப்பாவையும் ஸ்பிரிட்டால் துடைத்தேன். முதல் வாரம் ஒன்றும் தெரியவில்லை. பிறகு ஒவ்வொரு வித்தைச் சுற்றியும் பஞ்சுபோல் வெள்ளை படர்ந்தது. பதினைந்தாம் நாள் டப்பாவைக் கவிழ்த்தபோது ஒரே கட்டியாக விழுந்தது. மேல்தோல் பதப்படுத்திய ஆட்டுத்தோல்போல் இருந்தது. மழை பெய்த மண்ணின் வாசனை.

அதை இரண்டாக உடைத்தேன். உடைந்த முகங்களை மறுபடி சேர்த்துவைத்து ஈரத்துணியால் மூடினேன். ஐந்தாம் நாள் ஒரு முனையைப் பிடித்துத் தூக்கினேன். மறுபாதியும் கூடவே எழுந்து வந்தது. சேர்ந்த இடத்தில் மயிரிழை அகலத்துக்கு ஒரு வெள்ளைத் தழும்பு. நாவலில் மாயம் என்று நான் எழுதியிருந்தது என் உள்ளங்கையில் நடந்திருந்தது. அன்று இரவு சரியாகத் தூங்கவில்லை.

பிறகு கட்டியைக் கத்தியால் அறுத்து, ஒரு பாதியை 90 டிகிரி வெப்பத்தில் அடுப்பில் வைத்துக் கொன்றேன். நெட்டிபோல் எடையற்று, தட்டினால் டொக்கென்றது. அதை உடைத்தால் உடைந்தபடியே கிடந்தது. மறுபாதியை வெயிலில் மட்டும் காயவைத்தேன். இரண்டு வாரம் கழித்துச் சாரலில் நனைந்தபோது அதன் ஓரத்தில் மூன்று காளான் முளைத்தன.

உயிரோடு இருந்ததைத் தினமும் நனைத்துவந்தேன். அது மிருதுவானது, ஒரு மாதத்தில் விரல் வைத்தால் உள்ளே இறங்கியது. அப்போதுதான் எனக்கு உறைத்தது. அந்தக் கட்டியைத் தாங்கி நிற்பதும் வைக்கோல், அது தின்பதும் வைக்கோல். உயிரோடு விட்டால் தன் எலும்பைத் தானே தின்னும். சூடேற்றிக் கொன்றால் நிலைத்து நிற்கும், ஆனால் காயம் ஆறாது.

முப்பது பக்கங்களையும் கிழித்துப்போட்டேன். என் நகரத்தில் இப்போது வீட்டுச் சுவர்கள், கட்டில், சவப்பெட்டி எல்லாம் சூளையில் வைத்துக் கொன்ற கட்டிகள். வெளிமதில் மட்டும் உயிரோடு நிற்கிறது. அதற்கு நாள்தோறும் புது வைக்கோல் பொதிய வேண்டும். அறுவடையில் மதில்பங்கு என்று ஒரு வரி. அதை வாங்கி மதிலுக்குப் பொதியும் மதில்காரர்கள், ஊருக்குள் போய்வந்தால் கைகால் கழுவாமல் மதிலைத் தொடக் கூடாது. எதிரி முள்ளுக்குப் பயப்படுவதில்லை. பச்சைப் பூசணம் பிடித்த தவிட்டு மூட்டைகளைக் கவணில் வைத்து வீசுகிறான். அந்த யோசனைக்குப் பெரியவருக்குத்தான் நான் கடன்பட்டிருக்கிறேன். பெயரையும் மாற்றிவிட்டேன்: பசிக்கல்.

ஒன்பதாம் அத்தியாயத்தை எழுதிக்கொண்டிருக்கிறேன். மழை பொய்த்த மூன்றாம் ஆண்டு. ஒரு பெண் தன் பசுவுக்கென்று ஒளித்துவைத்த கடைசி வைக்கோல் கட்டின்மேல் சாக்கை இழுத்து மூடுகிறாள். வாசலில் மதில்காரர்கள் பெயர் சொல்லிக் கூப்பிடுகிறார்கள்.