ஒப்பீட்டு உள்ளாட்சித் தாளை நான் படித்த விதம்

பொது நிர்வாக முதுகலையில் எனக்கு மிகவும் பிடித்த தாள் ஒப்பீட்டு உள்ளாட்சி. நல்ல மதிப்பெண் தந்ததும் அதுதான். இந்த ஆண்டு அந்தத் தாளை எழுதப்போகிறவர்கள் சிலர் எப்படிப் படித்தீர்கள் என்று கேட்கிறார்கள். போட்டித் தேர்வில் பொது நிர்வாகத்தை விருப்பப் பாடமாக எடுத்தவர்களுக்கும் பயன்படும் என்பதால் கொஞ்சம் விரிவாகவே எழுதுகிறேன்.

வழிகாட்டி நூல்கள் பெரும்பாலும் நாடு நாடாகப் பிரித்து, ஒவ்வொன்றுக்கும் ஒரு படம் போட்டு அடுக்குகளைக் காட்டும். பிரான்சில் மண்டலம், மாவட்டம் போன்ற தெபார்த்மான், ஊர் அளவிலான அடிப்படை உள்ளாட்சியான கம்யூன். ஜப்பானில் 47 மாகாணங்கள், அவற்றின் கீழ் நகரங்களும் கிராமங்களும். இதை மனப்பாடம் செய்தால் குறுவினாக்களைச் சமாளித்துவிடலாம். ஆனால் கட்டுரை வினா ‘ஒப்பிடுக’, ‘காரணங்களை ஆராய்க’ என்றுதான் வரும். அங்கே அடுக்குகளை வரிசையாக எழுதிவைத்தால் பாதி மதிப்பெண்கூடத் தேறாது.

நான் நோட்டில் நாட்டுக்கு ஒரு பக்கம் ஒதுக்கவில்லை, கேள்விக்கு ஒரு பக்கம் ஒதுக்கினேன். இந்த உள்ளாட்சிக்கு அதிகாரம் எங்கிருந்து வருகிறது? அன்றாட நிர்வாகத்தை நடத்துவது யார்? அதைக் கலைக்கவோ மேலிருந்து தடுக்கவோ யாரால் முடியும்? பணம் எங்கிருந்து வருகிறது? இந்த நான்கையும் ஒவ்வொரு நாட்டிடமும் கேட்டுக்கொண்டே போனேன். ஒப்பீடு தானாக வந்து விழுந்தது.

முதல் கேள்வியைச் சுருக்கமாக முடித்துவிடலாம். அமெரிக்க அரசியலமைப்பில் உள்ளாட்சி பற்றி ஒரு சொல்கூடக் கிடையாது. அது முழுக்க மாநிலங்களின் பொறுப்பு. 1868இல் அயோவா மாநில நீதிபதி ஜான் டில்லன், மாநிலம் வெளிப்படையாகக் கொடுத்த அதிகாரமும் அதை ஒட்டி வருவதும் மட்டுமே நகராட்சிக்கு உண்டு என்று தீர்ப்பளித்தார். அதற்கு எதிர்த்திசையில், 1875இல் மிசூரி மாநிலம் தன் அரசியலமைப்பிலேயே நகரங்கள் தமக்கான சாசனத்தைத் தாமே எழுதிக்கொள்ள இடம் கொடுத்தது. இந்த இரண்டையும் அருகருகே வைத்தாலே ஒரு பத்தி கிடைத்துவிடும். பிரிட்டனில் எல்லாம் நாடாளுமன்றம் கொடுத்தது. சட்டம் அனுமதிக்காத எதையும் மன்றங்கள் செய்யக் கூடாது என்ற நிலை இங்கிலாந்தில் 2011ஆம் ஆண்டுச் சட்டத்தால்தான் பெரிய அளவில் தளர்ந்தது. ஜெர்மனியில் அரசியலமைப்பாக இருக்கும் 1949ஆம் ஆண்டு அடிப்படைச் சட்டத்தின் 28ஆம் பிரிவு உள்ளாட்சிக்கு உத்தரவாதம் தருகிறது. பிரேசில் இன்னும் ஒரு படி மேலே போய், 1988 அரசியலமைப்பில் நகராட்சிகளையே கூட்டாட்சியின் உறுப்புகளாக ஏற்றுக்கொண்டது. நம் நாட்டில் நகராட்சிகளுக்கான 74ஆவது அரசியலமைப்புத் திருத்தம் 1993 ஜூன் 1 அன்று நடைமுறைக்கு வந்தது. 12ஆவது அட்டவணையில் 18 பணிகள் உள்ளன. ஆனால் அவற்றை மாநிலச் சட்டமன்றம் நகராட்சிகளுக்கு வழங்கலாம் என்றுதான் அரசியலமைப்பின் 243-டபிள்யூ பிரிவு சொல்கிறது, கட்டாயப்படுத்தவில்லை. இந்த ஒரு குறிப்பு விடையில் இருந்தால், நீங்கள் மூலப் பிரிவையே படித்திருக்கிறீர்கள் என்பது திருத்துபவருக்குப் புரிந்துவிடும்.

இரண்டாவது கேள்விக்கு நான் அதிக நேரம் கொடுத்தேன். மேயர் ஏறக்குறைய எல்லா நாட்டிலும் இருக்கிறார். அவர் கையில் என்ன இருக்கிறது என்பதுதான் விஷயம். பிரான்சில் மக்கள் மன்றத்தைத் தேர்ந்தெடுக்கிறார்கள், மன்றம் தனக்குள்ளிருந்து மேயரைத் தேர்ந்தெடுக்கிறது. பதவிக்காலம் ஆறு ஆண்டு. அவர் கம்யூனின் தலைவர், அதோடு அரசின் பிரதிநிதியும்கூட. பிறப்பைப் பதிவதும் திருமணத்தை நடத்திவைப்பதும் அந்த இரண்டாவது பொறுப்பில் வருபவை. அவருக்கு மேலே நெப்போலியன் 1800இல் உருவாக்கிய, மத்திய அரசு நியமிக்கும் பிரிஃபெக்ட் என்ற அதிகாரியின் பதவி இருக்கிறது. 1982 வரை கம்யூனின் முடிவுகளைப் பிரிஃபெக்டால் முன்கூட்டியே தடுக்க முடிந்தது. அந்த ஆண்டு வந்த தெஃபேர் சட்டத்துக்குப் பிறகு, முடிவு சட்டத்துக்குப் புறம்பானது என்று நினைத்தால் அவர் நிர்வாக நீதிமன்றத்துக்குப் போக வேண்டும். முன்பு அவரே தடுத்தார், இப்போது நீதிமன்றம் தீர்மானிக்கிறது. பிரான்சின் அதிகாரப் பரவலாக்கம் பற்றிய எந்த வினாவுக்கும் இதுதான் மையம்.

அமெரிக்காவை ஒரு கதையாகவே படியுங்கள், மறக்காது. 1900 செப்டம்பரில் டெக்சாஸ் மாநிலத்தின் கால்வெஸ்டன் நகரைப் புயல் அழித்தது. பல்லாயிரம் பேர் இறந்தார்கள். பழைய நகர்மன்றத்தால் மறுகட்டுமானம் ஆகாது என்று 1901இல் ஐந்து ஆணையர்களிடம் நகரத்தை ஒப்படைத்தார்கள். ஆளுக்கொரு துறை. சட்டம் செய்வதும் அவர்களே, நிறைவேற்றுவதும் அவர்களே. வேலை வேகமாக நடந்ததால் மற்ற நகரங்களும் இந்த முறையை எடுத்துக்கொண்டன. ஆனால் ஆளுக்கொரு துறை என்றால் மொத்த நகரத்துக்கும் பொறுப்பு யார்? அந்தக் குறை பின்னால் தெரிந்தது. இதற்கிடையில் வர்ஜீனியாவின் ஸ்டான்டன் நகரம் 1908இல் சம்பளத்துக்கு ஒரு நிர்வாகியை அமர்த்தியிருந்தது. 1913இல் ஒஹாயோவின் டேட்டன் நகரில் பெருவெள்ளம் வந்தது. அடுத்த ஆண்டு அந்த நகரமும் மேலாளர் முறைக்கு மாறியது. ஒரு கம்பெனியில் இயக்குநர் குழு கொள்கை வகுக்க, மேலாளர் வேலையை நடத்துவதுபோல. இன்று பீனிக்ஸ், டல்லாஸ், சான் அன்டோனியோ போன்ற பெரிய நகரங்களிலும் இந்த முறைதான். நியூயார்க்கிலும் ஹூஸ்டனிலும் மேயரே நிர்வாகத்தை நடத்தும் வலுவான மேயர் முறை.

இப்போது நம் மாநகராட்சி ஆணையரை இதன் பக்கத்தில் வையுங்கள். இருவரும் தேர்ந்தெடுக்கப்படாத நிர்வாகிகள். அமெரிக்க மேலாளரை அமர்த்துவதும் அனுப்புவதும் நகர்மன்றம். நம் ஆணையரை நியமிப்பதும் மாற்றுவதும் மாநில அரசு. 1888ஆம் ஆண்டு பம்பாய் மாநகராட்சிச் சட்டத்தில் உறுதிப்பட்ட இந்த அமைப்பு இன்னும் நம்மோடு இருக்கிறது. தெருவிளக்கு எரியவில்லை என்று நாம் ஓட்டுப்போட்ட கவுன்சிலரிடம் போகிறோம், அவர் ஆணையரிடம் மனு கொடுக்கிறார். இதற்கான காரணம் பாடப்புத்தகத்துக்கு வெளியே எங்கேயும் இல்லை, இந்தப் பக்கத்திலேயே இருக்கிறது. எனக்கு இந்தத் தாள் பிடித்துப்போனதும் இங்கேதான்.

மூன்றாவது கேள்விக்கு மூன்று நகரங்களைச் சேர்த்துப் படிக்கச் சொல்வேன்: பாரிஸ், லண்டன், சென்னை. எந்த நூலிலும் இவற்றை ஒன்றாக நான் பார்க்கவில்லை, நோட்டில் நானாகச் சேர்த்துக்கொண்டது. 1871இல் பாரிஸ் கம்யூன் எனப்பட்ட மக்கள் எழுச்சி ஒடுக்கப்பட்ட பிறகு அந்த நகரத்துக்கு மேயரே இல்லை. பிரிஃபெக்டுகள்தான் நடத்தினார்கள். ஒரு நூற்றாண்டுக்கும் மேல் போய் 1977இல்தான் ழாக் ஷிராக் மேயரானார். லண்டனில், எதிர்க்கட்சியான தொழிற்கட்சியின் கையிலிருந்த பெருநகர மன்றத்தைத் பிரதமர் மார்கரெட் தாட்சரின் அரசு 1986இல் ஒழித்தது. பிறகு 2000 வரை லண்டன் முழுமைக்கும் தேர்ந்தெடுக்கப்பட்ட அமைப்பு கிடையாது. ஒழிக்கப்பட்ட மன்றத்தின் தலைவராயிருந்த கென் லிவிங்ஸ்டனே சுயேச்சையாக நின்று முதல் மேயரானார். சென்னையில் 1688இல் தொடங்கிய மாநகராட்சியின் மன்றம் 1973இல் கலைக்கப்பட்டது. அடுத்த தேர்தல் 1996இல். அதில் மேயரான மு. க. ஸ்டாலின் 2021இல் முதலமைச்சரானார். ஷிராக்கோ குடியரசுத் தலைவரே ஆனார். தலைநகரின் மேயர் நாளைக்குத் தமக்குப் போட்டியாக வருவார் என்ற அச்சம் மேலே இருப்பவர்களுக்கு எல்லா நாட்டிலும் உண்டு என்பது என் கருத்து. விடையில் இப்படிச் சொந்தக் கருத்தை எழுதத் தயங்காதீர்கள், பக்கத்தில் ஆண்டும் பெயரும் சரியாக இருந்தால் போதும்.

இதோடு 243-யு பிரிவை இணைக்க வேண்டும். பதவிக்காலம் ஐந்து ஆண்டு, கலைத்தால் ஆறு மாதத்துக்குள் தேர்தல் என்கிறது அது. அப்படியிருந்தும் தமிழ்நாட்டு நகர உள்ளாட்சிகளின் பதவிக்காலம் 2016 அக்டோபரில் முடிந்து, அடுத்த தேர்தல் 2022 பிப்ரவரி 19 அன்றுதான் நடந்தது. இடையில் தனி அலுவலர்கள். இலங்கையிலும் இதே நிலைதான்: 2023 மார்ச்சில் சபைகளின் காலம் முடிந்தது, தேர்தல் நடந்தது 2025 மே மாதம். அதை உரிய காலத்தில் நடத்தாதது அடிப்படை உரிமை மீறல் என்று அந்நாட்டு உச்ச நீதிமன்றம் 2024இல் தீர்ப்பளித்தது. இலங்கையிலிருந்து எழுதுபவர்கள் 1865ஆம் ஆண்டு மாநகர சபைக் கட்டளைச் சட்டம், 1987ஆம் ஆண்டுப் பிரதேச சபைச் சட்டம், 2018 தேர்தலில் நடைமுறைக்கு வந்த 60க்கு 40 கலப்பு முறை (60 விழுக்காடு உறுப்பினர்கள் வட்டாரங்களிலிருந்து, 40 விழுக்காடு கட்சிப் பட்டியலிலிருந்து) ஆகிய மூன்றையும் சேர்த்துக்கொள்ளுங்கள்.

பணம் பற்றிய பக்கத்துக்கு பிரிட்டனின் தலைவரியே போதுமான எடுத்துக்காட்டு. வீட்டு மதிப்பின் மேல் இருந்த வரியை எடுத்துவிட்டு, ஆளுக்கு இவ்வளவு என்ற வரியை 1989இல் ஸ்காட்லாந்திலும் 1990இல் இங்கிலாந்திலும் வேல்ஸிலும் கொண்டுவந்தார்கள். லண்டனில் கலவரம் வெடித்தது. தாட்சர் பதவி விலகியதற்கு இதுவும் ஒரு காரணம். 1993இல் மீண்டும் வீட்டை அடிப்படையாகக் கொண்ட வரி வந்தது. சுவீடனில் கொம்யூன் எனப்படும் 290 நகராட்சிகளும் வருமான வரியே விதிக்கின்றன. சம்பளக்காரர்களில் பெரும்பாலோர் தரும் வருமான வரி உள்ளாட்சிக்கும் மண்டலத்துக்கும்தான் போகிறது. ஜப்பானில் சுரங்கங்கள் மூடிய பின் சுற்றுலாவுக்குக் கடன் வாங்கிய யூபாரி நகரம் 2007இல் திவாலாகி மறுசீரமைப்புக்குப் போனது. நம்முடைய மாநில நிதி ஆணையம், 243-ஒய், பற்றி எழுதும்போது இவற்றில் ஒன்றைச் சேர்த்தால் போதும்.

எண்ணிக்கை சிலவற்றை மட்டும் மனதில் வையுங்கள். பிரான்சில் ஏறத்தாழ 35,000 கம்யூன்கள். ஜப்பானில் 1999இல் 3,232 ஆக இருந்த உள்ளாட்சிகள் இணைப்புகளால் 2010இல் 1,727 ஆயின. பிரான்சும் 1971இல் இணைக்கச் சட்டம் போட்டது, பெரிதாக நடக்கவில்லை. அதனால் கம்யூன்களை அப்படியே விட்டு, அவை கூடி வேலை செய்ய மேலே ஒரு கூட்டமைப்பை வளர்த்தார்கள். இந்த வேறுபாட்டை விளக்கினாலே ‘அளவும் திறனும்’ என்ற வினாவுக்கு விடை வந்துவிடும்.

அப்புறம், படிக்கும் காலத்தில் உங்கள் ஊர் நகராட்சியின் வரவு செலவுத் திட்டம் பற்றி உள்ளூர்ச் செய்தியில் வருவதை விடாமல் படியுங்கள். சொத்து வரி எவ்வளவு, மாநில மானியம் எவ்வளவு, கவுன்சிலர்கள் எதற்காக வெளிநடப்பு செய்தார்கள் என்று பாருங்கள். அதன் பிறகு சுவீடனும் டேட்டனும் தொலைவில் இருப்பதாகத் தோன்றாது.

தேர்வறையில் முதல் பத்தியில் வரையறை எழுதாதீர்கள். எல்லோரும் அதைத்தான் எழுதுவார்கள். இரண்டு நாடுகளின் ஒரு நிகழ்வில் தொடங்கி நேராக ஒப்பீட்டுக்குள் போங்கள். படிக்காத நாடு வந்தாலும் பயம் வேண்டாம், இதே நான்கு கேள்விகளையும் அதனிடம் கேளுங்கள். தென்னாப்பிரிக்கா என்று வந்தது என்று வையுங்கள். அதிகாரம் 1996 அரசியலமைப்பிலிருந்து வருகிறது, உள்ளாட்சி அங்கே மத்திய, மாகாண அரசுகளோடு சேர்த்துச் சொல்லப்படும் மூன்றாவது தளம். 139ஆம் பிரிவின்படி, கடமை தவறும் நகராட்சியில் மாகாண அரசு தலையிடலாம். இந்த அளவு தெரிந்திருந்தால் ஒரு பக்க விடையைத் தைரியமாகத் தொடங்கலாம்.