சுவாமி பெயருக்கே ஓர் அர்ச்சனை

அப்பாவுக்கு இருதய அறுவை சிகிச்சை என்று முடிவான இரவில், அவர் பிழைத்தெழுந்தால் திருநின்றவூர் இருதயாலீஸ்வரர் சந்நிதிக்கு நடத்தியே கூட்டி வருவதாக அம்மா வேண்டிக்கொண்டார். அந்த வேண்டுதலைச் சென்ற சோமவாரத்தன்று நிறைவேற்றினோம்.

அரக்கோணம் மார்க்கத்து மின்சார ரயிலில் உட்கார இடம் கிடைக்கவில்லை. நிலையத்துக்கு வெளியே ஆட்டோக்காரர்கள் சூழ்ந்துகொண்டு, இந்த உடம்போடு நடக்க முடியாது என்று பயமுறுத்தியது வேதனையாக இருந்தது. அப்பா எதையும் காதில் வாங்காமல், நிழல் கண்ட இடமெல்லாம் நின்று நின்று நடந்தே வந்து சேர்ந்தார்.

உள்ளே நல்ல கூட்டம். எங்களைப் போலவே மருத்துவமனைக் கோப்புகளைக் கையில் வைத்திருந்தவர்கள் பலர். சிலர் கைப்பேசியை உயர்த்திப் பிடித்துத் தரிசனத்தை மறைத்துக்கொண்டே நின்றார்கள். ஆயினும் திரை விலகியபோது, கருவறைக்குள்ளேயே சிவலிங்கத்தின் அருகில் பூசலார் நாயனாரும் எழுந்தருளியிருந்த காட்சி மற்ற எல்லாவற்றையும் மறக்கச் செய்தது.

பொருள் தேடி அலைந்தும் கிட்டாமல், மனத்துக்குள்ளேயே கல்லும் மரமும் சேர்த்து, கோபுரம் எழுப்பி, குளம் தோண்டி, குடமுழுக்குக்கு நாளும் குறித்தவர் அவர். அதே நாளில் காஞ்சியில் தன் கற்கோயிலுக்குக் குடமுழுக்கு வைத்திருந்த பல்லவ அரசன் காடவர்கோன், இறைவன் கனவில் இட்ட கட்டளைப்படி நின்றவூருக்கு வந்து பூசலார் கட்டிய கோயில் எங்கே என்று கேட்டபோது, அவர் கோயில் எதுவும் கட்டவில்லையே என்றுதான் ஊரார் சொன்னார்கள் என்கிறது பெரியபுராணம். அந்த இடத்தைப் படிக்கும்போதெல்லாம் எனக்குத் தொண்டை அடைக்கும். தம் ஊராரின் கண்ணுக்கு எதுவுமே செய்யாதவராய் வாழ்ந்த ஒருவரை அரசன் தேடி வந்து வணங்கும்படி செய்தது இறைவனுடைய திருவாக்கு. அரசனையும் குறைத்துச் சொல்ல மனம் வரவில்லை. அவன் எழுப்பியதாகச் சொல்லப்படும் காஞ்சிக் கைலாசநாதர் கோயில் 1,300 ஆண்டுகளாக நிற்கிறது. நல்ல பெயரோடு வாழ நினைப்பதும் தவறில்லை.

ஆனால் அந்த நினைப்பு அப்பாவை மிகவும் வருத்தியிருக்கிறது. எங்கள் ஊர்க் கோயில் திருப்பணியில் உபயதாரர் கல்வெட்டில் தம் பெயர் விடுபட்டதை ஆண்டுக்கணக்கில் நெஞ்சில் சுமந்தவர் அவர். தமக்குப் பின் ஊரில் யார் தம்மை நினைப்பார்கள் என்று, மருத்துவமனைக் கட்டிலில் படுத்திருந்தபோதும் அம்மாவிடம் கேட்டிருக்கிறார்.

அர்ச்சகர் எங்கள் தட்டை வாங்கிக்கொண்டு பெயர், நட்சத்திரம், கோத்திரம் கேட்டார். எந்தக் கோயிலிலும் தம் பெயரை முதலில் உரக்கச் சொல்லும் அப்பா சற்று நேரம் பூசலாரையே பார்த்துக்கொண்டிருந்துவிட்டு, “சுவாமி பெயருக்கே செய்துவிடுங்கள்” என்றார். அம்மா என் கையை இறுகப் பற்றிக்கொண்டார். தீபாராதனையில் அப்பாவின் முகத்தைப் பார்த்தேன். அறுவை சிகிச்சைக்கு முன்பும் பின்பும் நான் காணாத தெளிவு அதில் இருந்தது.

அதன்பின் மரகதாம்பிகை சந்நிதியில் என்ன வேண்டினேன், பிராகாரத்தை எத்தனை முறை வலம் வந்தோம் என்பதெல்லாம் நினைவில் இல்லை. அப்பனே, இருதயாலீஸ்வரா, எங்கள் தந்தையின் உயிரை மீட்டுத் தந்தாய்; அவர் நெஞ்சில் இருந்த அந்தப் பாரத்தையும் நாங்கள் கேளாமலே இறக்கிவைத்தாய். ஐப்பசி அனுஷத்தில் பூசலார் குருபூஜைக்கு அவரோடு மீண்டும் வருகிறோம். அதற்கும் நீயே துணையிருக்க வேண்டும்.