இன்ஸ்பெக்ஷன்காரர் நாட்டை ஆண்ட கதை

பேங்க்ல இன்ஸ்பெக்ஷன் டிபார்ட்மென்ட்ல வேலை பார்த்தவங்களுக்குத் தெரியும், பிராஞ்சுக்குள்ள நுழைஞ்சதும் எல்லாரும் எழுந்து நிப்பாங்க, காபி வரும், ஏசிக்கு நேரா நாற்காலி போடுவாங்க, ஆனா அந்த மரியாதை நமக்கு இல்ல, நாம எழுதப்போற ரிப்போர்ட்டுக்கு. அதை மேல இருக்கறவங்க படிக்கறதில்லன்னு பிராஞ்சுக்குத் தெரிஞ்சுபோச்சுன்னா அப்புறம் நம்மள யாரு மதிப்பா. இதை எனக்குப் புரிய வச்சது கல்ஃப்ல இருந்தப்போ எங்க ஆடிட் ஹெட். லெபனான்காரர், பெய்ரூட்ல வளர்ந்தவர். அவங்க ஊர் அரசியல்வாதி யாரைச் சொன்னாலும் திட்டுவார், பின்னாடி ஜனாதிபதியான எலியாஸ் சர்கிஸை மட்டும் திட்டமாட்டார்.

ஒருநாள் ஒரு பிராஞ்சுல கேஷ் எண்ணினப்போ ஒரு நோட்டு கூட வந்துடுச்சு. கேஷியர் சிரிச்சுக்கிட்டே "கூடத்தானே சார் இருக்கு, குறையலையே"ன்னான். எங்காளு சிரிக்கல. குறைஞ்சா கவனக்குறைவு, கூட இருந்தா எவனோ என்னமோ பண்ணிருக்கான்னு சொல்லிட்டு, 1970 ஆகஸ்ட் 17ஆம் தேதி கதையை ஆரம்பிச்சார். அன்னிக்கு லெபனான் பார்லிமென்ட்ல ஜனாதிபதி தேர்தல், மெம்பர்ங்க மொத்தம் 99 பேர், ரெண்டாவது ரவுண்டுல எண்ணினா 100 ஓட்டுச்சீட்டு. செல்லாதுன்னு தூக்கிப் போட்டுட்டு மூணாவது ரவுண்டு வச்சாங்க. சுலைமான் ஃபிராஞ்சியேவுக்கு 50, சர்கிஸுக்கு 49. ஒரே ஓட்டு!

தோத்த சர்கிஸ் அப்போ சென்ட்ரல் பேங்க் கவர்னர். தன்னைத் தோற்கடிச்சவரு ஜனாதிபதியா உக்காந்திருக்க, இவரு அதே கவர்னர் சீட்டுல இன்னும் ஆறு வருஷம் வேலை பார்த்தார். நம்ம ஆபீஸ்ல ஒரு புரமோஷன் கைவிட்டுப் போனாலே ஒரு மாசம் மெடிக்கல் லீவு போடுறவங்களை நான் பாத்திருக்கேன், அதனாலதான் இந்த இடம் எனக்குப் பெருசாத் தெரியுது.

அவர் அந்த சீட்டுக்கு வந்த நேரமும் நல்ல நேரம் இல்ல. 1966 அக்டோபர்ல இன்ட்ரா பேங்க் கதவைச் சாத்திடுச்சு. ஜெருசலேம்லேர்ந்து அகதியா வந்த யூசுஃப் பெய்தாஸ் வளர்த்த பேங்க் அது, நாட்டுலயே பெரிசு, மிடில் ஈஸ்ட் ஏர்லைன்ஸ், கேசினோ, துறைமுகம்னு எல்லாத்துலயும் பங்கு வச்சிருந்துச்சு. சிக்கல் என்னன்னா டெபாசிட் எல்லாம் எப்ப வேணும்னாலும் திருப்பிக் கேக்கற காசு, போட்டிருந்தது கட்டடம், கம்பெனின்னு சீக்கிரம் விக்க முடியாத சொத்து. ஜனங்க கவுன்ட்டர்ல வந்து நின்னதும் கையில காசில்ல. சென்ட்ரல் பேங்க்குக்கே அப்போ வயசு ரெண்டரைதான், 1964 ஏப்ரல்லதான் வேலையை ஆரம்பிச்சிருந்துச்சு.

சர்கிஸ் பேங்கர் குடும்பத்து ஆள் இல்ல. சட்டம் படிச்சவர், அரசாங்கக் கணக்கைச் சரிபார்க்கற தணிக்கை கோர்ட்ல ஜட்ஜ், அங்கேர்ந்து ஜனாதிபதி ஃபுவாத் ஷெஹாப் கண்ணுல பட்டு மேல வந்தவர். 1967ல இவர் கவர்னர் ஆன காலத்துலதான் பேங்க்கிங் கன்ட்ரோல் கமிஷன்னு ஒரு கண்காணிப்பு அமைப்பு வந்துச்சு, டெபாசிட்டுக்கு இன்ஷூரன்ஸ் வந்துச்சு, புதுசா பேங்க் திறக்க லைசென்ஸ் தர்றதை நிறுத்தினாங்க. பேப்பர்ல தலைப்புச் செய்தியா வர்ற வேலை இல்ல இதெல்லாம். கமிஷனோட முதல் தலைவர் சலீம் அல் ஹோஸ், பொருளாதார புரொபசர்.

1976 மே மாசம் சர்கிஸையே ஜனாதிபதியா தேர்ந்தெடுத்தாங்க, உள்நாட்டுப் போர் ஆரம்பிச்சு ஒரு வருஷம் ஆகியிருந்துச்சு, செப்டம்பர்ல பதவியேற்பை பெய்ரூட்ல வைக்க முடியாம ஷ்தோராவுல ஒரு ஹோட்டல்ல வச்சாங்க. பிரதமரா யாரைக் கூப்பிட்டார் தெரியுமா, பழைய இன்ஸ்பெக்டர் சலீம் அல் ஹோஸை! கட்சிக்காரங்களை விட்டுட்டு நிபுணர்களை வச்சு ஒரு சின்ன கேபினட், 1977 ஆரம்பத்துல ஊரைத் திருப்பிக் கட்ட ஒரு கவுன்சில். இதைப் படிச்சப்போ எனக்குச் சிரிப்பும் வந்துச்சு பாவமாவும் இருந்துச்சு, ஏன்னா இது அப்படியே எங்க டிபார்ட்மென்ட் புத்தி, வீடு பத்தி எரியுதுன்னா நாங்க முதல்ல ஃபைல் ஓப்பன் பண்ணுவோம்.

ஆனா அங்க மிலிஷியாக்காரன், அதாவது தனியா துப்பாக்கிப் படை வச்சிருக்கறவன், துறைமுகத்துல அவனே வரி வசூல் பண்றான், சிரியா ராணுவம் உள்ள நிக்குது, 1978 மார்ச்ல தெக்கே இஸ்ரேல் நுழையுது. சிரியா கிழக்கு பெய்ரூட் மேல குண்டு போட்டதும் அந்த வருஷம் ஜூலைல ராஜினாமா பண்றேன்னு சொல்லி அப்புறம் வாபஸ் வாங்கினார். கையாலாகாத ஜனாதிபதின்னு அவரைப் பத்தி ஒரு பேச்சு உண்டு. எனக்கு அது ஒத்துக்க முடியல. கவர்னரா இருந்தப்போ இவர் சர்க்குலர் அனுப்பினா பேங்க்குங்க கேட்டுச்சு, கேக்கலன்னா லைசென்ஸ் போயிடும். மாளிகைல உக்காந்து போட்ட கையெழுத்துக்குப் பின்னாடி அப்படி ஒண்ணுமே இல்ல, ராணுவமே பிளந்து கிடந்துச்சு.

ரெண்டும் கெட்டான் நிலைமைலயும் ஆறு வருஷத்தை முடிச்சு 1982 செப்டம்பர்ல இறங்கினார், 1985ல பாரிஸ்ல செத்துப்போனார். அவர் இறங்கறப்போ ஒரு டாலருக்கு அஞ்சு லெபனான் லிராவுக்குள்ளதான், 1987 கடைசில நானூறைத் தாண்டிடுச்சு. அப்புறம் 1,507ல கட்டி வச்சாங்க, 2019ல அதுவும் அறுந்துச்சு, இப்போ 89,500.

எங்க ஹெட்டோட சேமிப்பும் அந்த ஊர் பேங்க் ஒண்ணுல மாட்டிக்கிச்சு. ரிட்டயர் ஆனப்புறம் ஒரு தடவை ஸ்டேட்மென்ட்டை போட்டோ எடுத்து அனுப்பினார், பேலன்ஸ் டாலர்ல சுத்தமா நிக்குது, எடுக்கத்தான் முடியாது. அதுக்கு அங்க "லாலர்"னு பேரே வச்சுட்டாங்க. கன்ட்ரோல் கமிஷன் இன்னும் இருக்கா சார்னு கேட்டேன். இருக்குப்பா, ரிப்போர்ட்கூட எழுதுறாங்கன்னார்.