குர்னிக் ஸாப்ஜே: சுரங்கம் கொடுத்த சம்பளமும் 14 பட்டங்களும்

போலந்து கால்பந்தில் 1957 முதல் 1988 வரை குர்னிக் ஸாப்ஜே 14 முறை லீக் சாம்பியன் ஆனது. அதன்பின் முப்பது ஆண்டுக்கும் மேலாக ஒரு லீக் பட்டம்கூட வரவில்லை. பயிற்சியாளர் சரியில்லை, தலைமுறை மாறியது என்று பல காரணம் சொல்வார்கள். எல்லாவற்றுக்கும் அடியில் இருப்பது ஒரே கேள்விதான்: ஆட்டக்காரருக்குச் சம்பளம் கொடுத்தது யார்?

கிளப்பின் பெயருக்கே சுரங்கத் தொழிலாளி என்றுதான் பொருள். தெற்குப் போலந்தில் மேல் சிலேசியா வட்டாரத்தின் நிலக்கரி நகரமான ஸாப்ஜே 1945 வரை ஜெர்மனியில் இருந்தது. 1915 முதல் அதன் பெயர் ஹிண்டன்பர்க். 1934-இல் திறந்த மைதானத்துக்கு அப்போது ஹிட்லரின் பெயர். போருக்குப் பின் நகரம் போலந்துக்கு வந்தது. 1948 டிசம்பர் 14 அன்று ஸ்யெட்னோசெனியே, கொன்கோர்டியா, ஸ்க்ரா, பொகோன் என்ற நான்கு உள்ளூர் கிளப்புகளை இணைத்துக் குர்னிக்கை உருவாக்கினார்கள். அதனால் ரூஹ் ஹோஜுஃப், கிராக்கோவியா என்ற கிளப்புகள் மாதிரி போருக்கு முந்தைய பாரம்பரியத்தை இங்கே தேட வேண்டாம். இது முழுக்க சோஷலிச போலந்தின் குழந்தை.

அந்தக் காலத்தில் தொழில்முறை ஆட்டக்காரர் என்று காகிதத்தில் யாரும் கிடையாது. ஒவ்வொரு பெரிய கிளப்புக்குப் பின்னாலும் ஒரு துறை நின்றது. லெகியா வார்சாவுக்கு ராணுவம், விஸ்வா கிராக்கோவுக்குக் காவல்துறை, லெஹ் போஸ்னானுக்கு ரயில்வே, குர்னிக்குக்குச் சுரங்கம். ஆட்டக்காரரின் பெயர் சுரங்கத்தின் சம்பளப் பட்டியலில் இருக்கும். அவர் போவதோ பயிற்சிக்கு. இதில் லெகியாவின் கைதான் ஓங்கியிருந்தது. கட்டாய ராணுவச் சேவைக்கு வயது வந்த நல்ல ஆட்டக்காரரை அழைத்து, தன் சட்டையைப் போட்டு ஆடவைத்துவிடும். சேவை முடிந்ததும் அவரைத் தக்கவைக்க முடியுமா என்பது வேறு கதை. கோலடிப்பதில் பேர்போன எர்னஸ்ட் போல் அப்படித்தான் லெகியாவில் 1955, 1956 பட்டங்களை வென்றுவிட்டுச் சிலேசியாவுக்குத் திரும்பினார். 1957-இல் குர்னிக்கின் முதல் பட்டம். இரண்டு கிளப்புக்கும் சேர்த்து அவர் அடித்த 186 லீக் கோல்கள் போலந்து முதல் பிரிவின் சாதனை. இன்றைய மைதானம் அவர் பெயரில்தான் இருக்கிறது.

பட்டங்களின் பட்டியலைப் படிப்பவர்கள் அடிக்கடி தடுமாறும் இடம் ஒன்று உண்டு. 1957, 1959, 1961 பட்டங்கள் வசந்தத்தில் தொடங்கி இலையுதிர்காலத்தில் முடிந்த சீசன்களுக்கு உரியவை. 1962-இல் லீக்கை இலையுதிர்-வசந்த முறைக்கு மாற்றுவதற்காக ஒரு குட்டி சீசன் நடத்தினார்கள். அதைப் பொலோனியா பிடோம் வென்றது. அதன் பிறகு 1963 என்றால் 1962-63 என்று வாசிக்க வேண்டும். 1963 முதல் 1967 வரை தொடர்ந்து ஐந்து பட்டமும் குர்னிக்குக்கே. 1971, 1972-இல் மேலும் இரண்டு. 1968 முதல் 1972 வரை போலந்துக் கோப்பையும் ஐந்து ஆண்டு தொடர்ந்து கையில் இருந்தது.

இன்னொரு குழப்பம் மைதானம். குர்னிக்கின் பெரிய ஐரோப்பிய ஆட்டங்கள் நடந்தது ஹோஜுஃபில் உள்ள சிலேசிய ஸ்டேடியத்தில். போட்டிக் கிளப்பான ரூஹ் இருப்பதும் அந்த நகரில்தான், ஆனால் அதன் சொந்த மைதானம் வேறு. சிலேசிய ஸ்டேடியம் 1956-இல் திறந்த பொது மைதானம்; ஒரு லட்சம் பேர் கூடும் ஆட்டத்துக்கு ஸாப்ஜேயில் இடமில்லை. 1961-இல் டாட்டன்ஹாமை 4-2 என்று வென்றது அங்கேதான். ஒரு வாரம் கழித்து லண்டனில் 8-1 என்று உதை வாங்கியதையும் சேர்த்தே சொல்ல வேண்டும். 1968 மார்ச்சில், நாட்டுச் சாம்பியன்கள் மோதும் ஐரோப்பியக் கோப்பையின் காலிறுதி. எதிரில் மான்செஸ்டர் யுனைடெட். முதல் ஆட்டத்தில் 2-0 என்று தோற்றிருந்த குர்னிக், பனி மூடிய தரையில் தன் முன்கள வீரர் லுபான்ஸ்கியின் கோலால் 1-0 வென்றது. அது போதவில்லை. அந்த ஆண்டு கோப்பையைத் தூக்கியது யுனைடெட்தான்.

வோஜிமியெஷ் லுபான்ஸ்கி 16 வயதில் தேசிய அணிக்கு வந்தவர். 1963-இல் நார்வேக்கு எதிரான அந்த முதல் ஆட்டத்திலேயே கோல் அடித்தார். 75 ஆட்டங்களில் 48 கோல்கள். 2017-இல் லெவண்டோவ்ஸ்கி தாண்டும்வரை அதுவே தேசியச் சாதனை.

நாட்டுக் கோப்பையை வென்ற கிளப்புகள் மோதும் ஐரோப்பியப் போட்டியான கோப்பை வெற்றியாளர் கோப்பை, அதில் 1969-70 சீசன்தான் உச்சம். ஒலிம்பியாகோஸ், கிளாஸ்கோ ரேஞ்சர்ஸ், லெவ்ஸ்கி சோபியா என்று தாண்டி அரையிறுதியில் ரோமா. ரோமில் 1-1. ஹோஜுஃபில் 90 நிமிடத்தில் மறுபடி 1-1. அதுவும் கடைசி நேரத்தில் லுபான்ஸ்கி அடித்த பெனால்டியால். கூடுதல் நேரத்தில் ஆளுக்கொரு கோல், முடிவு 2-2. ரோமா வெளியூரில் இரண்டு கோல் அடித்தும் ஏன் தகுதி பெறவில்லை என்று கேட்பவர்கள் உண்டு. கூடுதல் நேரத்தில் அடித்த வெளியூர்க் கோலுக்கு அப்போது தனி மதிப்பு கிடையாது. ஆகவே ஸ்ட்ராஸ்பர்க்கில் மூன்றாவது ஆட்டம். அதுவும் கூடுதல் நேரத்துக்குப் பின் 1-1. பெனால்டி ஷூட்அவுட் இன்னும் வரவில்லை, எனவே பூவா தலையா. கேப்டன் ஸ்டானிஸ்வாவ் ஓஷ்லிஸ்வோ கேட்டது விழுந்தது.

ஏழு நாளில் வியன்னாவில் இறுதிப்போட்டி, எதிரில் மான்செஸ்டர் சிட்டி. 1970 ஏப்ரல் 29, கொட்டும் மழை, பத்தாயிரம் பேர்கூட வரவில்லை. நீல் யங்கும் பெனால்டியில் பிரான்சிஸ் லீயும் இடைவேளைக்கு முன்பே சிட்டியை 2-0 என்று முன்னிறுத்தினார்கள். ஓஷ்லிஸ்வோ ஒன்றைத் திருப்பினார், 2-1. ஐரோப்பியக் கோப்பை ஒன்றின் இறுதிவரை போன ஒரே போலந்து கிளப் இதுதான். மூன்று ஆட்டம் ஆடி ஒரு வாரத்தில் இறுதிக்குப் போனதை ஒரு காரணமாகச் சொல்லலாம். ஆனால் முதல் பாதியில் சிட்டிதான் நன்றாக ஆடியது, அதை மறைக்க முடியாது.

1973 ஜூனில் இங்கிலாந்தை போலந்து 2-0 வென்ற ஆட்டத்தில் லுபான்ஸ்கி ஒரு கோல் அடித்த பின் முழங்காலில் அடிபட்டு, 1974 உலகக் கோப்பையை இழந்தார். போல் ஏற்கெனவே ஓய்வு பெற்றிருந்தார். லீக், கோப்பை இரண்டையும் சேர்த்து இரட்டைப் பட்டம் வென்ற ஆறே ஆண்டில், 1978-இல், குர்னிக் முதல்முறையாக இரண்டாம் பிரிவுக்குத் தரமிறங்கியது. மறு ஆண்டே திரும்பியது. சுரங்கப் பணம் இருந்ததால் மீட்சி எளிதாயிற்று. முன்னாள் கோல்கீப்பர் ஹூபர்ட் கோஸ்ட்கா பயிற்சியாளராக 1985, 1986 பட்டங்களைக் கொண்டுவந்தார். 1987, 1988-உம் தொடர்ந்தன. 1988-89 ஐரோப்பியக் கோப்பையில் ரியல் மாட்ரிட்டிடம் 1-0, 3-2 என்றுதான் தோற்றார்கள். அந்த அணியின் யான் உர்பான் 1989-இல் ஒசாசுனாவுக்குப் போனார்.

1989-இல் சோஷலிச ஆட்சி முடிந்த பின் சுரங்கத் துறை அமைச்சகத்தின் ஆதரவு இல்லை, சுரங்கங்கள் ஒவ்வொன்றாக மூடின. ராணுவக் கிளப்பான லெகியாவுக்குத் தலைநகரமும் அதன் விளம்பரதாரர்களும் மிஞ்சினார்கள். ஸாப்ஜேக்கு மிஞ்சியது நகராட்சி. காப்பீட்டு நிறுவனம் ஒன்று உள்ளே வந்தும் 2009-இல் தரமிறக்கம். 2016-இல் மறுபடி, இருபத்து நான்காயிரத்துக்குச் சற்றுமேல் இருக்கைகளோடு புதிய அரங்கத்தின் மூன்று பக்கங்கள் திறந்த அதே சீசனில். ஆனால் 2017-இல் திரும்பி வந்து, முதல் சீசனிலேயே நான்காவது இடம் பிடித்தது அந்த அணி. ஸ்பெயின்காரர் இகோர் அங்குலோ அதில் 23 கோல் அடித்தார். பக்கத்து ஊரான கிளிவிட்ஸேயில் பிறந்து, ஜெர்மனிக்காக உலகக் கோப்பை வென்ற லூகாஸ் பொடோல்ஸ்கி, ஒருநாள் இங்கே ஆடுவேன் என்று சொல்லியபடியே 2021-இல் வந்து சேர்ந்தார்.