கீறிய பிலிம்: பட்டறை நாட்குறிப்பு

ஜூன் 3, 2024

பிலிமின் மேலேயே நேராகக் கீறியும் தீட்டியும் படம் செய்யும் பட்டறை இது. கேமரா இல்லை, பிலிம் கழுவும் லேப் இல்லை. வேண்டியது எமல்ஷன் (படம் பதியும் ஜெலட்டின் பூச்சு) பூசிய 16 மி.மீ. கறுப்பு லீடர், அதாவது படம் பதியாத வெற்றுப் பிலிம். பிளாஸ்டிக்கிலேயே கறுப்பேற்றிய லீடரும் கிடைக்கும். அதில் எவ்வளவு கீறினாலும் வெளிச்சம் வராது. வாங்குமுன் நுனியில் ஊசியால் ஒரு கோடு இழுத்துப் பார்த்துவிடுங்கள். எமல்ஷன் பக்கம் பளபளப்பு குறைந்திருக்கும். ஈர உதட்டில் வைத்தால் ஒட்டும்.

அடிக்கு 40 ஃபிரேம், நொடிக்கு 24. ஆக ஒரு நொடி ஏழங்குலத்துக்குக் கொஞ்சம் மேல். ஒற்றை ஃபிரேமில் பூ வரைவது வீண் வேலை, கண்ணில் படுமுன் போய்விடும். பல ஃபிரேம்களைத் தாண்டி ஓடும் நீளக்கோடுதான் திரையில் நெளியும்.

ஜூன் 5

கறுப்பு இருவகை. கறுப்பு-வெள்ளை பிலிமில் அது வெள்ளித்துகள். கீறினால் நேரே வெள்ளை. கலர் பிரின்ட் பிலிமில் அது மூன்று சாய அடுக்கு: மேலே மெஜந்தா (ஊதாச் சிவப்பு), நடுவில் சயான் (பச்சை நீலம்), அடியில் மஞ்சள். ஊசி மேலடுக்கை மட்டும் எடுத்தால் பச்சை. அழுத்தம் கூட்டினால் மஞ்சள். முழுக்கச் சுரண்டினால் வெள்ளை. ஒரே இழுப்பில் கை கனப்பதும் லேசாவதும் நிறமாகத் தெரியும். உப்புத்தாளால் தேய்த்தால் மூன்றும் பொடிப்பொடியாகக் கலந்து வரும். அதன் அழகே தனி.

வெதுவெதுப்பான நீரில் சில நிமிடம் ஊறவைத்தால் ஜெலட்டின் இளகி அகலமாகச் சீவ வரும். அதிகம் ஊறினால் ஏடாக உரிந்துவிடும். பிளீச்சிங் திரவமும் எமல்ஷனைக் கரைக்கும். ஜன்னலைத் திறந்து வையுங்கள், வினிகர் பக்கத்திலேயே வேண்டாம், இரண்டும் சேர்ந்தால் குளோரின் வாயு.

ஜூன் 8

நிறம் தீட்டுதல். எமல்ஷன் இல்லாத தெளிந்த லீடரில் தண்ணீர் மை முத்து முத்தாகத் திரண்டு நிற்கும். அதற்குப் பர்மனென்ட் மார்க்கர். ஜெலட்டின் இருந்தால் மை உள்ளே இறங்கிவிடும். தடித்த பெயின்ட் பூசவே கூடாது: உலர்ந்ததும் வெடித்து, புரொஜெக்டரில் பிலிமை விளக்குக்கு நேரே பிடித்திருக்கும் சட்டமான ‘கேட்’டில் உதிரும்.

ஜூன் 10

ஒலி. துளைகள் ஒருபக்கம் மட்டும் உள்ள பிலிமில் மறுவிளிம்பு ஒலிப்பட்டைக்கு உரியது. புரொஜெக்டர் அதன் வழியே ஒளியைப் பாய்ச்சி, வெளிச்சத்தின் ஏற்ற இறக்கத்தை ஒலியாக்கும். ஃபிரேமுக்கு 5 குறுக்குக்கோடு என்றால் 120 ஹெர்ட்ஸ், 10 என்றால் 240. அனிமேஷன் கலைஞர் நார்மன் மெக்லாரன் கனடாவில் ஒலிப்பட்டையைக் கையாலேயே வரைந்தது இந்தக் கணக்கில்தான். ஒலிப்பட்டையைப் படிக்கும் ஒலிமுனை கேட்டுக்கு அப்பால் இருப்பதால், படத்திலிருந்து சுருளின் தொடக்கப் பக்கமாக 26 ஃபிரேம் தள்ளிக் கீற வேண்டும்.

கலர் லீடரில் கீறினால் சத்தம் சன்னமாக வரும். பழைய புரொஜெக்டரின் ஒலிவிளக்கில் அகச்சிவப்பு அதிகம், ஒளியை உணரும் போட்டோசெல்லும் அதைத்தான் அதிகம் உணரும். சாயக் கறுப்பு அகச்சிவப்பைத் தடுப்பதில்லை. கீறிய இடமும் கீறாத இடமும் செல்லுக்கு ஏறக்குறைய ஒன்றே. ஓசை கணீரென்று வேண்டுமானால் வெள்ளிக் கறுப்புதான்.

ஜூன் 13

ஓட்டுமுன் பஞ்சிழை உதிராத துணியால் இருபுறமும் துடைத்து, துளைகளில் மை அடைத்திருக்கிறதா என்று வெளிச்சத்தில் பார்க்கவும். அடைத்த துளையில், பிலிமை இழுக்கும் புரொஜெக்டரின் நகம் இறங்காது. படம் குதிக்கும், பிலிமும் கிழியும். பிலிமின் அடித்தளம் பாலியெஸ்டர் என்றால், துண்டுகளை இணைக்கும் பிலிம் சிமென்ட் (பசை) ஒட்டாது, டேப் ஒட்டுதான். பாலியெஸ்டர் சுலபத்தில் அறாது என்பதால் சிக்கிக்கொண்டால் அடி வாங்குவது புரொஜெக்டர். விரல் சுவிட்சிலேயே இருக்கட்டும். ஓடி முடிந்ததும் கேட்டில் சேர்ந்த துகளை மரக்குச்சியால் எடுங்கள். இரும்பு பட்டால் கேட்டில் கீறல் விழுந்து, பின்னால் வரும் ஒவ்வொரு சுருளிலும் அதே கோடு ஏறும்.