கொதிக்கும் களிமண்

மூன்று மாதமாக ஒரு சின்ன ஸ்டாப் மோஷன் படம் செய்துகொண்டிருக்கிறேன்: பொருளைக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்த்தி, ஒவ்வொரு நகர்வுக்கும் ஒரு புகைப்படம் எடுத்து, எல்லாவற்றையும் வரிசையாக ஓடவிடுவது. பழைய ஆடியோ கேசட்டிலிருந்து நாடா தானாக வெளியே வந்து, மேசையில் ஊர்ந்துபோய், ஒரு களிமண் முகத்துக்குத் தலைமுடியாகச் சுருண்டு படுத்துக்கொள்கிறது, அவ்வளவுதான் கதை. நொடிக்கு 24 பிரேம், ஒவ்வொரு அசைவையும் இரண்டு பிரேமுக்கு நிறுத்தினால் 12 படம் போதும். அப்படியும் 40 நொடிக்கு 480 படம்.

ஒவ்வொரு படத்துக்கும் முகத்தைத் தொட வேண்டியிருக்கிறது. தொட்டால் விரல்ரேகை பதியும், கன்னம் ஒரு நூல் அளவு உள்ளே போகும். ஓடவிட்டுப் பார்த்தால் சும்மா இருக்க வேண்டிய நெற்றிகூடத் துடித்துக்கொண்டே இருக்கும். களிமண் 'கொதிக்கிறது' என்பார்கள். முதலில் இதை வழித்து வழித்து மறைக்கப் பார்த்தேன், இப்போது விட்டுவிட்டேன். நினைவும் இப்படித்தானே? 2000-இல் நரம்பியல் ஆய்வாளர் கரீம் நாதரும் அவருடைய குழுவும் எலிகளிடம் செய்த சோதனையில், பழைய பயத்தைத் திரும்ப நினைக்க வைத்ததும் அந்த நினைவு கொஞ்ச நேரம் இளகிப்போய், மூளையில் மறுபடி பதிய வேண்டியிருந்தது. அந்த நேரத்தில் மருந்தால் தடுத்தால் பயமே குறைந்துபோனது. எடுத்துப் பார்ப்பதே தொடுவதுதான்.

தென்னாப்பிரிக்கக் கலைஞர் வில்லியம் கென்ட்ரிட்ஜை இங்கே சொல்லாமல் இருக்க முடியாது. 1989-இலிருந்து அவர் செய்துவரும் கரிக்கோட்டுப் படங்களில், ஒரே தாளில் வரைந்து, அழித்து, மேலேயே மறுபடி வரைந்து படம் எடுப்பார். அழித்த கோட்டின் சாம்பல் நிறக் கறை தாளிலேயே தங்கிவிடும், நடந்துபோன ஆளுக்குப் பின்னால் அவர் நடந்த வழியும் தெரியும்.

மென்பொருளில் ஆனியன் ஸ்கின் என்று ஒன்று இருக்கிறது, முந்தைய பிரேமை மங்கலாக மேலே காட்டி, எங்கே நகர்த்தினோம் என்று சொல்லிவிடும். ஒரு காட்சிக்கு மட்டும் அதை அணைத்துவிட்டு, என் ஞாபகத்தை நம்பியே நகர்த்தினேன். முகம் மெல்ல இடப்பக்கம் சாய்ந்துகொண்டே போயிருக்கிறது, எடுக்கும்போது எனக்குத் தெரியவே இல்லை. படத்திலேயே எனக்கு மிகவும் பிடித்த இடம் அதுதான்.

அந்தக் கேசட்டில் இருப்பது பாட்டியின் குரல். முதலில் கணினியில் ஒரு பிரதி எடுத்து வைத்துக்கொண்டேன், அது எத்தனை முறை கேட்டாலும் அப்படியே இருக்கும். அப்புறம் படப்பிடிப்பில் கசங்கிய நாடாவைப் பென்சில் விட்டுச் சுற்றி மறுபடி போட்டுக் கேட்டேன், மடிந்த இடங்களில் எல்லாம் குரல் அமுங்கி அமுங்கி எழுகிறது. படத்துக்கு அந்த ஒலியைத்தான் வைத்திருக்கிறேன்.